குறிஞ்சிக்கு வகுத்த பொழுது

கற்பனையில் ஓர் உலகத்தைப் படைக்கும் புலவர் அதற்கு மலையும் ஆறும் கொடுத்தால் மட்டும் போதாது. அங்கே ஆண்டு எப்போது பிறக்கிறது, பொழுது எப்படிப் பிரிகிறது என்பதையும் வகுத்தால்தான் அந்த உலகில் மனிதர் நடமாட முடியும். ஆங்கில எழுத்தாளர் ஜே.ஆர்.ஆர். டோல்கீன் 1955-இல் வெளிவந்த 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' கதையின் மூன்றாம் பாகத்துப் பின்னிணைப்பில், தம் ஹாபிட்டுகளுக்கென முப்பது முப்பது நாள் கொண்ட பன்னிரண்டு மாதங்களையும், எந்த மாதத்திலும் சேராத ஐந்து நாட்களையும் அமைத்து, ஆண்டின் நடுநாளைக் கிழமைக் கணக்கிலிருந்தே விலக்கிவிட்டார். அதனால் அவர்களுக்கு ஒரு தேதி எல்லா ஆண்டிலும் ஒரே கிழமையில்தான் வரும். இத்தகைய படைப்புக் காலக்கணக்கு ஒன்று தமிழில் தொல்காப்பியக் காலத்திலேயே இலக்கணமாகிவிட்டது என்பதும், அதில் ஒரு பகுதி ஏற்காடு போன்ற மலைகளுக்கென்றே வகுக்கப்பட்டது என்பதும் அவ்வளவாகப் பேசப்படுவதில்லை.

சங்க அகப்பாடல்களின் உலகம் உண்மையில் ஒரு புனைவுலகம். தலைவன், தலைவி, தோழி என்போர்க்கு அங்கே இயற்பெயர் கூடாது. அந்த உலகத்தின் அடித்தளமாக நிலத்தையும் பொழுதையும் வைத்து, இரண்டையும் சேர்த்து 'முதற்பொருள்' என்கிறது தொல்காப்பியம். பொழுது, ஆண்டைப் பிரிக்கும் பெரும்பொழுது என்றும் நாளைப் பிரிக்கும் சிறுபொழுது என்றும் இருவகைப்படும். ஆவணி, புரட்டாசி கார். ஐப்பசி, கார்த்திகை கூதிர். மார்கழி, தை முன்பனி. மாசி, பங்குனி பின்பனி. சித்திரை, வைகாசி இளவேனில். ஆனி, ஆடி முதுவேனில் எனப் பெரும்பொழுது ஆறு. பஞ்சாங்கத்து ஆண்டு சித்திரையில் பிறக்க, இந்தக் கணக்கோ மழையிலிருந்து தொடங்குகிறது. சிறுபொழுது மாலை, யாமம், வைகறை, விடியல், நண்பகல், எற்பாடு என ஆறாகும். வைகறையையும் விடியலையும் ஒன்றாகக் கொண்டு ஐந்தென்று எண்ணுவோரும் உண்டு.

இதுவரை உள்ளது காலக்கணக்கு; இனி வருவதுதான் படைப்பு. முல்லைக்குக் காரும் மாலையும், மலைநிலமான குறிஞ்சிக்குக் கூதிரும் யாமமும், மருதத்திற்கு வைகறையும் விடியலும், நெய்தலுக்கு எற்பாடும், பாலைக்கு வேனிலும் நண்பகலும் என ஒவ்வொரு திணைக்கும் உரிய பொழுது வரையறுக்கப்பட்டது. கடற்கரையில் விடியாதா, வயலில் நண்பகல் வராதா என்று கேட்டால், வரும்தான். ஆனால் கவிதைக்கு அது பயன்படாது என்பதே இலக்கணத்தின் விடை. குறிஞ்சியின் உரிப்பொருள் புணர்தல், அதாவது காதலர் ஊரறியாமல் கூடுவது. அந்தக் கூட்டத்திற்குத் துணையாகவும் தடையாகவும் இருக்கக்கூடிய ஒரே பொழுது மழையும் குளிரும் கூடிய ஐப்பசி நள்ளிரவு. ஊர் உறங்கும், ஆனால் யானை உலவும், அருவி வழியை மறைக்கும், தலைவி அஞ்சுவாள். ஒரு கடிகாரம் காட்ட முடியாத இந்த அச்சத்தைத்தான் 'யாமம்' என்ற சொல் அந்த உலகத்தில் அளக்கிறது.

இதனால் பழந்தமிழர் துல்லியமாக நேரம் அளக்கவில்லை என்று முடிவுகட்டிவிடக் கூடாது. நாளொன்றுக்கு அறுபது நாழிகை, நாழிகை ஒன்று இன்றைய இருபத்து நான்கு நிமிடம், ஆகவே ஆறு சிறுபொழுதும் தலைக்குப் பத்து நாழிகை எனக் கணக்கு நேராக இருந்தது. முல்லைப்பாட்டில் அரசனின் பாசறையில் 'கன்னல்' எனப்படும் நீர்க்கடிகாரத்தைப் பார்த்து நாழிகை சொல்லும் பணியாளர் வருகின்றனர். அளவை அறிந்தும் அளவைக்குள் அடங்காத பொழுதைப் புலவர்கள் வகுத்தார்கள்.

ஏற்காடு அமைந்த சேர்வராயன் மலையில் இந்தக் கணக்கைப் பொருத்திப் பார்த்தால் சுவையான முரண்கள் தெரிகின்றன. திணைக்குப் பெயர் தந்ததாகக் கருதப்படும் நீலக்குறிஞ்சி, மேற்குத் தொடர்ச்சி மலைக்கே உரியது என்று பலர் எண்ணினாலும், கிழக்குத் தொடர்ச்சி மலையைச் சேர்ந்த இந்த மலையிலும் காணப்படுகிறது. பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை ஒரே சமயத்தில் பூத்து, விதை உதிர்த்து, அத்தோடு மடிந்துவிடும் இச்செடியின் பூப்பை வைத்துத் தமிழ்நாட்டுப் பளியர் தம் வயதைக் கணக்கிட்டனர் என்று கூறப்படுகிறது. அதாவது செடியே ஒரு நாட்காட்டி. ஆனால் அது பெரும்பாலும் பூப்பது ஆவணி, புரட்டாசியை ஒட்டிய நாட்களில். இலக்கணப்படி அது முல்லைக்குரிய கார்காலம். குறிஞ்சிப் பூ தன் திணையின் பொழுதை மதிப்பதில்லை. புலவர்களுக்கு இது தெரியாமல் போயிருக்க வாய்ப்பில்லை. பூவை நோக்கி அல்லாமல் காதலர் மனத்தை நோக்கிப் பொழுதை அமைத்தார்கள் என்று கொள்வதே பொருத்தம்.

1820-களில் சேலம் ஆட்சியராக இருந்த எம்.டி. காக்பர்ன் இங்கே காப்பிப் பயிரைக் கொண்டுவந்த பின், மலைக்கு இன்னொரு காலக்கணக்கு வந்து சேர்ந்தது. பங்குனி, சித்திரையை ஒட்டிப் பெய்யும் கோடை மழைக்குப் பின் சில நாட்களிலேயே தோட்டம் முழுவதும் வெண்பூ விரிந்து ஓரிரு நாளில் வாடிவிடும். காய் சிவந்து பறிப்புக்கு வருவது கார்த்திகை, மார்கழியில். தலைவன் இருளில் வர வேண்டிய கூதிரும் முன்பனியும் தோட்டத் தொழிலாளருக்குப் பகலெல்லாம் கை ஓயாத காலம். முன்பனியும் குறிஞ்சிக்கு உரியதே என்று தொல்காப்பியம் இடம் கொடுத்திருப்பதால், பறிப்புக் காலம் முழுவதும் இலக்கணத்தின் எல்லைக்குள் அடங்கிவிடுகிறது.

சுற்றுலாவின் கணக்கு மூன்றாவது. சுமார் 1,500 மீட்டர் உயரத்திலுள்ள ஏற்காட்டில் கூட்டம் நிரம்புவது மே மாதத்தில். கோடை விழாவும் சேர்வராயன் கோயில் திருவிழாவும் அப்போதுதான். அகப்பொருள் நாட்காட்டியில் அது வேனில், பாலைக்குரிய பொழுது. பாலைக்கென்று தனி நிலம் கிடையாது; முல்லையும் குறிஞ்சியும் வெயிலில் காய்ந்து திரிந்தால் அதுவே பாலை என்கிறது சிலப்பதிகாரம். நண்பகல் வெயிலில் சேலத்திலிருந்து கொண்டையூசி வளைவுகளில் வரிசையாக ஏறும் வண்டிகளில் இருப்போர், இலக்கணப்படி பார்த்தால், பாலையின் பொழுதைத் தூக்கிக்கொண்டு குறிஞ்சிக்குள் நுழைகிறவர்கள். குறிஞ்சிக்கென்று வகுத்த ஐப்பசி யாமத்தில் அதே சாலையில் மூடுபனி மட்டுமே இருக்கும்.