ஸ்லைடு ரூலில் கணக்கிட்ட ஆகாயக் கப்பல்

எக்ஸெலில் ஒரு எண்ணை மாற்றினால், அதைச் சார்ந்த விடைகள் எல்லாம் உடனே மாறுவதைப் பார்த்திருப்பீர்கள். கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில் இதே வேலைக்கு மாதக்கணக்கில் ஆனது. அப்படிக் கணக்கிட்டுக் கட்டியதுதான் ஆர்100.

1920-களில் இங்கிலாந்தின் ஹவ்டன் என்ற ஊரில் ஒரு தனியார் கம்பெனி கட்டிய இந்த ஆகாயக் கப்பலின் நீளம் 216 மீட்டர். இது வெறும் பலூன் அல்ல. வெளியே உலோகச் சட்டம், உள்ளே ஹைட்ரஜன் நிரப்பிய தனித்தனிப் பைகள். நம் கம்ப்யூட்டர் கேபினெட் மாதிரிதான். உள்ளிருப்பதை எடுத்தாலும் கூடு அப்படியே நிற்கும்.

சட்டத்தின் பெரிய வளையங்களைக் கம்பிகள் இழுத்துப் பிடித்திருந்தன. எந்தக் கம்பியில் எவ்வளவு விசை? கம்பியால் இழுக்கத்தான் முடியும், தள்ள முடியாது. எனவே எவையெல்லாம் தொய்யும் என்று ஊகித்துக்கொண்டு சமன்பாடுகளைத் தீர்ப்பார்கள். கடைசியில் ஏதாவது ஒரு கம்பி தள்ளுவதாக விடை வந்தால், ஊகம் தவறு. மறுபடியும் முதலிலிருந்து! எக்ஸெல் என்றால் ஒரு செல்லை மாற்றி என்டர் தட்டியிருப்போம். அவர்கள் ஸ்லைடு ரூலை வைத்துக்கொண்டு, ஒரு வளையத்துக்கு இருவராக இரண்டு மூன்று மாதம் உட்கார்ந்தார்கள். கணக்கர்களின் தலைவர் நெவில் ஷூட் நார்வே, பிற்காலத்தில் பிரபல நாவலாசிரியர்.

1930 ஜூலை இறுதியில் கிளம்பிய ஆர்100, சுமார் 78 மணி நேரத்தில் கனடாவின் மான்ட்ரியலை அடைந்தது. வழியில் பலத்த காற்றில் வால்பகுதித் துணி கிழிந்தது, சட்டம் தாங்கியது. பத்திரமாகத் திரும்பியும் வந்தது.

ஆனால் அரசே கட்டிய ஆர்101, கராச்சிக்குப் போகும் வழியில், அக்டோபர் 5 அதிகாலை பிரான்சில் விழுந்து எரிந்தது. 54 பேரில் 48 பேர் இறந்தனர். அதன்பின் ஆர்100 பறக்கவே இல்லை. 1931-ல் அதை உடைக்கத் தொடங்கினார்கள்.