துரத்தும் பாம்புகள்! தப்பி ஓடும் ஓணான்!
"திக் திக்" காட்சியில் பாதி பயம் இசையால் வந்தது

லண்டன்-
முட்டையை உடைத்துக் கொண்டு அப்போதுதான் வெளியே வந்தது, அந்த கடல் ஓணான் குட்டி. கடலைப் பார்த்து ஓடுகிறது. பாறை இடுக்கில் இருந்து பாம்புகள் பாய்ந்து வருகின்றன. ஒன்றல்ல, இரண்டல்ல. கும்பலாக வருகின்றன!

சுற்றி வளைத்துக் கொண்டன. "போச்சு, அவ்வளவுதான்" என்று நினைக்கும்போது, குட்டி நழுவிப் பாறை மேல் தாவித் தப்பி விடுகிறது.

2016-ம் ஆண்டு பி.பி.சி. டெலிவிஷனில் வந்த "பிளானட் எர்த் 2" தொடரின் காட்சி இது. கலபாகோசில் உள்ள பெர்னாண்டினா தீவில் படம் பிடித்தார்கள். மறு ஆண்டு, ரசிகர்கள் ஓட்டுப் போட்டு இதற்கு "பாப்டா" பரிசு கிடைக்கச் செய்தார்கள்.

தொடரின் முகப்பு இசை, ஹாலிவுட் புகழ் ஹான்ஸ் சிம்மர். காட்சிகளுக்கு இசை, ஜேக்கப் ஷே, ஜாஷா கிளேப்.

சோள மாவு சப்தம்

காட்டு மிருகத்தை எட்ட நின்றுதான் படம் பிடிக்க முடியும். படம் கிடைக்கும். சப்தம் கிடைக்காது. பனிக்கரடி நடக்கும் "சரக் சரக்" சப்தம் வேண்டுமா? ஸ்டூடியோவில் சோள மாவுப் பையை அமுக்குவார்கள்!

படத்தை வெட்டி ஒட்டிய பிறகுதான் இசை அமைப்பாளருக்கு வேலை. எந்த வினாடியில் பாம்பு பாய்கிறது, எங்கே வர்ணனையாளர் பேசுகிறார் என்று கணக்குப் போட்டு இசை அமைக்க வேண்டும். பேச்சு வந்தால் வாத்தியம் அடங்க வேண்டும்.

இதில் பெரிய கை, ஜார்ஜ் பென்டன். 1982-ல் வந்த "காந்தி" படத்துக்கு ரவிசங்கருடன் சேர்ந்து இசை அமைத்தவர். 2001-ல் "ப்ளூ பிளானட்", 2006-ல் "பிளானட் எர்த்" இரண்டுக்கும் இவர் இசைதான்.

யார் பக்கம்?

இங்கேதான் சிக்கல். பாம்புக்கும் பசி உண்டு. ஆனால் இசை குட்டியின் பக்கம் நின்றால், பாம்பு வில்லன் ஆகிவிடும். பாம்பின் பக்கம் நின்றால், அது சாப்பாட்டைப் பறிகொடுத்த சோகக் கதை!

அந்த ஓணான் காட்சி ஒரே ஓட்டம் அல்ல. பல ஓட்டங்களை இணைத்தது. தயாரிப்பாளரே பிறகு இதைச் சொன்னார். ஒட்டுப் போட்டது கண்ணுக்குத் தெரியாமல் இழுத்துக் கட்டுவது, இடைவிடாமல் ஓடும் இசை.

இசை கூடினால் ஜனங்கள் விடுவதில்லை. 2011-ல் "ஒண்டர்ஸ் ஆப் தி யூனிவர்ஸ்" என்ற விஞ்ஞானத் தொடரில், "இசை இரைச்சலில் பேச்சு கேட்கவில்லை" என்று 118 பேர் புகார் செய்தார்கள். பி.பி.சி. இசையைக் குறைத்தது.

அடுத்த முறை டெலிவிஷனில் புலி மானைத் துரத்தும்போது, சப்தத்தை அரை நிமிடம் நிறுத்திப் பாருங்கள். புலியால் வந்த பயம் எவ்வளவு, வயலினால் வந்த பயம் எவ்வளவு என்று தெரிந்துவிடும்!