வானொலிப் பெட்டியின் உறுமல்

வீட்டு மின்சாரத்தில் இயங்கும் வானொலிப் பெட்டியொன்றைத் தாமே அமைத்துப் பார்க்கும் மாணவர் பலர் முதலிற் கேட்பது பாட்டையன்று. ஓயாத ஓர் உறுமலையே. குற்றம் பெரும்பாலும் மின்னூட்டும் பகுதியிலேயே உளது.

இலங்கையின் வீட்டு மின்சாரம் 230 வோல்ற்று. செக்கனுக்கு 50 சுற்றுகள் கொண்ட ஆடலோட்டம். பெட்டிக்கு வேண்டுவதோ தாழ்ந்த வோல்ற்றளவுள்ள நேரோட்டம். நிலைமாற்றி வோல்ற்றளவைக் குறைக்கிறது. நான்கு இருவாயிகளாலான பாலம் ஓட்டத்தை ஒரே திசையிற் செலுத்துகிறது. அதிலிருந்து செக்கனுக்கு 100 மேடுகள் எழுகின்றன. ஒலிபெருக்கியில் உறுமுபவை இம்மேடுகளே. இவற்றிடையேயுள்ள பள்ளங்களை நிரப்புவது கொள்ளளவி. அது ஒரு தண்ணீர்த் தொட்டி போன்றது. மேட்டில் நிரம்பிப் பள்ளத்தில் வழங்கும்.

தொட்டி எவ்வளவு பெரிதாயிருத்தல் வேண்டும்? பெட்டிக்கு 12 வோல்ற்றில் அரை அம்பியர் தேவை என்க. மாணவர் 12 வோல்ற்று நிலைமாற்றியையே வாங்கிவிடுவர். அதன் உச்சம் 17 வோல்ற்று, இருவாயிகளில் 1.4 கழிய எஞ்சுவது 15.6. கொள்ளளவி 1000 மைக்கிரோபரட்டு எனின், அடுத்த மேடு வருமுன், செக்கனின் நூறிலொரு பங்கில், ஏறத்தாழ 5 வோல்ற்றுச் சரிந்துவிடும். பள்ளத்தின் அடி 10.6. வோல்ற்றளவை நிலைநிறுத்தும் உறுப்போ 12ஐத் தருவதற்கு 14 கேட்கும். அது கிடையாதவிடத்து உறுமல் பிறக்கிறது.

கொள்ளளவியை 4700 ஆக்கினாற் சரிவு 1 வோல்ற்றாகும், அடி 14.5. போதும்போலத் தோன்றும். ஆயினும் ஊரெல்லாம் விளக்கேற்றும் மாலையில் வழங்கல் பத்து வீதம் தாழ்ந்தால் அதுவும் 13க்குக் கீழிறங்கும். பகலில் நன்றாய்ப் பாடிய பெட்டி இரவில் உறுமுவதன் மருமம் இதுவே. எனவே 15 வோல்ற்று நிலைமாற்றியே தக்கது. அதற்குரிய கூலி வெப்பம்: மிகையான 7 வோல்ற்றுக்கு அரை அம்பியர் வீதம் மூன்றரை வாற்று வீணாகும், நிலைநிறுத்தும் உறுப்பை உலோகத் தகட்டிற் பொருத்தாவிடின் அது தாங்காது. கொள்ளளவியும் 35 வோல்ற்றுத் தாங்குவதாயிருத்தல் நன்று.

பழைய வால்வுப் பெட்டிகளைத் திறப்போர் வேறொன்றையும் அறிதல் வேண்டும். அவற்றின் கொள்ளளவிகள் நூற்றுக்கணக்கான வோல்ற்றுகளை, இணைப்பைக் கழற்றிய பின்னரும் நெடுநேரம் வைத்திருக்கக்கூடும். தக்க தடையொன்றினூடாக அதனை வடியவிட்டு, மானியால் அளந்து பார்த்த பின்னரே கைவைக்கலாம்.