கஞ்சா எண்ணெய் வாங்கும் முன்

வீட்டில் யாருக்காவது புற்றுநோய் என்று தெரிந்துவிட்டால் போதும், சொந்தக்காரர் யாராவது ஒருவர் வாட்ஸ்அப்பில் அந்தச் செய்தியை அனுப்பிவிடுவார். கஞ்சா எண்ணெய். நாலாவது ஸ்டேஜில் இருந்தவர் எழுந்து நடந்தார். சட்டப்படி அனுமதி உண்டு. கூரியரில் வீட்டுக்கே வரும். கீழே ஒரு செல்போன் எண்.

ஃபிட்ஸ் வரும் குழந்தையின் அம்மாவுக்கும் இது வருகிறது. இருபது வருஷம் ஸ்டியரிங் பிடித்து இடுப்பு போன நாமக்கல் லாரி டிரைவருக்கும் வருகிறது. இதைக் கேட்டு விசாரிக்கிறவர்கள் போதைக்காரர்கள் அல்ல. ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாக ஏறி இறங்கி, கையிருப்பு கரைந்து, இனி என்ன செய்வது என்று உட்கார்ந்திருப்பவர்கள். விற்கிறவர்களுக்கு இது நன்றாகத் தெரியும்.

சட்டப்படி அனுமதி உண்டா என்ற கேள்விக்கு முதலில் நேரடியான பதிலைச் சொல்லிவிடலாம். ‘அரசு அங்கீகாரம் பெற்ற கஞ்சா மருத்துவமனை’ என்று ஒரு வகை நம் சட்டத்தில் கிடையாது. சேலத்திலும் இல்லை, நாமக்கல்லிலும் இல்லை, சென்னையிலும் இல்லை. பெங்களூரில் 2020-இலேயே இப்படிச் சொல்லிக்கொண்டு ஒரு கிளினிக் திறந்தார்கள். அப்படிப்பட்டவை ஆயுஷ் மருந்து விதிகளின் கீழ்தான் நடக்கின்றன, கஞ்சா சிகிச்சைக்கென்று தனி லைசென்ஸ் வாங்கி அல்ல. ஆகவே ‘எங்கள் கிளினிக்குக்கு கவர்ன்மென்ட் அப்ரூவல் இருக்குதுங்க’ என்று போனில் யாராவது சொன்னால், எந்தச் சட்டம், எந்த எண் என்று அங்கேயே கேளுங்கள்.

அப்படியானால் கடையில் கிடைப்பதெல்லாம் என்ன? 1985-ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டம், அதாவது போலீஸ்காரர்கள் என்.டி.பி.எஸ். என்று சொல்வது, கஞ்சாச் செடியைப் பாகம் பாகமாகப் பிரித்து வைத்திருக்கிறது. பூவும் காயும் சேர்ந்த நுனிப்பகுதி கஞ்சா. பிசின் சரஸ். இரண்டுக்கும் தடை. நுனிப்பகுதி கலக்காத வெறும் இலையும் விதையும் அந்த விளக்கத்துக்குள் வராது. இந்த இடைவெளியில்தான் மொத்த வியாபாரமும் நிற்கிறது. ஆயுர்வேதத்தில் இலைக்கு விஜயா என்று பெயர். சித்த மருத்துவத்திலும் அதற்கு இடம் உண்டு. மருந்துச் சட்ட விதிகளில் நச்சு மூலிகைகளுக்கென்று உள்ள ‘இ-1’ அட்டவணையில், சேராங்கொட்டை, ஊமத்தை வரிசையில் இதையும் வைத்திருக்கிறார்கள். உரிமம் பெற்ற நிறுவனம் தயாரிக்கலாம், மருத்துவர் மேற்பார்வையில் சாப்பிடலாம் என்பது அதன் பொருள். தெருவில் வாங்கும் பொட்டலத்தை மருந்து என்று சொல்லிக்கொள்ளலாம் என்பதல்ல.

நம் சேலம், நாமக்கல் பகுதிக்கு இதில் ஒரு பழைய தொடர்பு உண்டு. சென்னை மாகாணத்தில் முதன்முதலாக மதுவிலக்கு வந்தது சேலத்தில்தான். 1937 அக்டோபர் 1, ராஜாஜி முதலமைச்சர். நாமக்கல் அப்போது சேலத்துக்குள் இருந்தது. அந்த மதுவிலக்குச் சட்டத்தின் தலைப்பிலேயே மதுவோடு போதை மருந்தும் சேர்த்துத்தான் சொல்லப்பட்டிருந்தது. ஆகவே வாரணாசியிலும் ராஜஸ்தானிலும் அரசு லைசென்ஸோடு கஞ்சா இலைப் பாங்கு விற்கும் கடை இருப்பதைப் பார்த்துவிட்டு வரும் லாரிக்காரர், அதையே இங்கே பேசக் கூடாது. இங்கே அப்படி ஒரு கடை கிடையாது.

இனி அந்த எண்ணெய்ப் பாட்டிலைக் கையில் எடுங்கள். பழுப்புக் கண்ணாடி, 30 மில்லி, மூடியில் சொட்டு விடும் குழாய். லேபிளில் இலைப் படம், தியானம் செய்யும் பெண், பெரிய எழுத்தில் ‘ஹெம்ப்’. இவற்றை விட்டுவிட்டுப் பொடி எழுத்துக்குப் போங்கள். மருந்து என்றால் ஆயுர்வேத அல்லது சித்த மருந்து என்று போட்டிருக்க வேண்டும். தயாரிப்பு உரிம எண், பேட்ச் எண், தயாரித்தவரின் முழு முகவரி இருக்க வேண்டும். ‘இ-1’ பொருள் சேர்ந்த உள்மருந்து என்றால், மருத்துவர் கண்காணிப்பில்தான் சாப்பிட வேண்டும் என்ற எச்சரிக்கை ஆங்கிலத்திலும் இந்தியிலும் இருக்க வேண்டும் என்பது விதி. தமிழில் வேண்டும் என்று விதி சொல்லவில்லை. ராசிபுரத்துப் பாட்டி இந்தியில் படித்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டார்கள் போலிருக்கிறது. உரிம எண் மெய்யானதா என்று சந்தேகம் வந்தால், இங்கே தயாரானவற்றுக்கு சென்னை அரும்பாக்கத்தில் உள்ள இந்திய மருத்துவம் மற்றும் ஹோமியோபதி இயக்குநரகத்தைக் கேட்கலாம்.

மருந்து உரிம எண்ணுக்குப் பதிலாக உணவுப் பாதுகாப்புத் துறையின் 14 இலக்க எண் இருந்தால், உங்கள் கையில் இருப்பது சமையல் சாமான். ஹெம்ப் விதையையும் விதை எண்ணெயையும் உணவாக விற்க 2021 நவம்பரில் அனுமதி வந்தது. போதை தரும் டிஎச்சி, விதை எண்ணெயில் கிலோவுக்கு 10 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. செடியில் உள்ள இன்னொரு பொருளான, போதை தராத சிபிடி 75 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. நோய் தீரும் என்று எழுதக் கூடாது, விதையைத் தவிர செடியின் வேறு படம் போடக் கூடாது. வலிப்பு நோய் ஆராய்ச்சிகளில் குழந்தையின் எடையில் ஒவ்வொரு கிலோவுக்கும் நாளொன்றுக்கு 10 மில்லிகிராமுக்கு மேல்கூட சிபிடி கொடுத்திருக்கிறார்கள். 15 கிலோ குழந்தைக்குக் கணக்குப் போட்டால், அந்த விதை எண்ணெயைத் தினமும் இரண்டு கிலோ குடிக்க வைக்க வேண்டும். தாளிக்கலாம், தப்பில்லை. மருந்து என்று சொல்லி ஆயிரக்கணக்கில் விற்றால் அது மோசடி.

மருத்துவரைச் சரிபார்ப்பது பாட்டிலைப் பார்ப்பதைவிடச் சுலபம். சித்த மருத்துவர் என்றால் தமிழ்நாடு சித்த மருத்துவ மன்றத்தில் பதிவு எண் இருக்கும். சீட்டில் அதைப் போட வேண்டும். கிளினிக் என்றால் தமிழ்நாடு மருத்துவ நிறுவனங்கள் சட்டப்படி பதிவு செய்து, சான்றிதழைக் கண்ணில் படும்படி மாட்டியிருக்க வேண்டும். பதிவு செய்கிறவர் மாவட்ட மருத்துவ நலப் பணிகள் இணை இயக்குநர். போலி டாக்டர் புகாரும் அவரிடம்தான் போகும். சேந்தமங்கலம் தாண்டிக் கொல்லிமலை அடிவாரம் வரை ‘சித்தர் மூலிகை’ போர்டு தொங்காத இடம் குறைவு. அவர்களில் விஷயம் தெரிந்த வைத்தியர் இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் பரம்பரை என்பது பதிவு எண்ணுக்கு ஈடாகாது. எங்கே தொடங்குவது என்று புரியாவிட்டால், அரசு மருத்துவமனையின் சித்தப் பிரிவில் ஓ.பி. சீட்டு போட்டுக் கேளுங்கள். உங்களிடம் பாட்டில் விற்று அவர்களுக்கு ஆகப் போவது ஒன்றுமில்லை.

வீடியோ காலில் ‘கன்சல்டேஷன்’ முடித்துப் பத்து நிமிஷத்தில் பார்சல் போடுகிறவர்களைப் பற்றி ஒரு வார்த்தை. 2020 மார்ச்சில் வந்த தொலைமருத்துவ நெறிமுறைப்படி, போதைப்பொருள் சட்டப் பட்டியலில் உள்ள எதையும் அலோபதி டாக்டர் போன் வழியே எழுதிக் கொடுக்க முடியாது. இலைச் சாறுதான், அந்தப் பட்டியலில் இல்லை என்று அவர்கள் வாதிடலாம். அந்தப் பாட்டிலுக்குள் இருப்பது இலைச் சாறு மட்டும்தானா என்று தெரிய, அந்தப் பேட்சின் ஆய்வக அறிக்கையைக் கேளுங்கள். அனுப்பத் தயங்கினால் வாங்காதீர்கள்.

கஞ்சாச் செடியில் மருந்து இருப்பது பொய்யல்ல. கல்கத்தாவில் டாக்டர் ஓஷானஸி 1839-லேயே ஒரு கைக்குழந்தையின் வலிப்புக்கு அதைக் கொடுத்து எழுதி வைத்தார். 2018 ஜூனில் அமெரிக்க மருந்துத் துறை சிபிடி திரவ மருந்து ஒன்றை அனுமதித்தது. டிராவே, லெனாக்ஸ்-காஸ்டோ என்ற இரண்டு கடும் வலிப்பு நோய்களுக்கு. கீமோ வாந்திக்கு டிஎச்சி மாத்திரை அங்கே 1985 முதல் உண்டு. ஆனால் தீராத வலிக்கு? உலக வலி ஆய்வுச் சங்கம் 2021-இல், பரிந்துரைக்கும் அளவுக்கு ஆதாரம் இல்லை என்று சொல்லிவிட்டது. புற்றுநோயையே கரைக்கும் என்பதற்கு மனிதர்களிடம் நிரூபணம் எதுவும் இல்லை.

இதில் என்னைப் பயமுறுத்துவது வலிப்புக் குழந்தைகளின் விஷயம். இங்கே பல குழந்தைகள் குளோபாசாம், வால்ப்ரோயேட் மாத்திரைகள் சாப்பிடுகிறார்கள். சிபிடி சேர்ந்தால் குளோபாசாமின் வீரியம் உடம்பில் ஏறி, குழந்தை எழுப்ப எழுப்பத் தூங்கும். வால்ப்ரோயேட்டோடு சேர்ந்தால் கல்லீரல் பாதிக்கலாம். இதைவிட மோசம், எண்ணெய் வந்துவிட்டது என்று மாத்திரையைச் சட்டென்று நிறுத்துவது. விடாத வலிப்பு வந்து உயிரே போகலாம். நரம்பியல் மருத்துவரிடம் மறைக்காமல் சொல்லுங்கள். திட்டுவார், திட்டட்டும். ரத்தம் உறையாமல் இருக்க வார்ஃபரின் சாப்பிடுகிறவர்களும் மறைக்கக் கூடாது.

டிரைவர்களுக்கும் லாரி ஓனர்களுக்கும் தனியாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. விசாகப்பட்டினம் பக்கத்திலிருந்து கஞ்சா தெற்கே வரும் வழி நம் வழி. தன்பாத்–ஆலப்புழா எக்ஸ்பிரஸில் சேலம் ரயில்வே போலீஸ் மூட்டை பிடித்த செய்தி அடிக்கடி வருகிறது. ‘மருந்துதாண்ணே, சேலத்துல எறக்கிக் குடுத்துருங்க’ என்று யார் கொடுத்தாலும் வாங்காதீர்கள். கஞ்சா ஒரு கிலோவரை சிறிய அளவு, ஓராண்டு வரை சிறை. 20 கிலோவுக்கு மேல் வணிக அளவு, குறைந்தது பத்தாண்டு, ஜாமீன் கிடைப்பது குதிரைக்கொம்பு. எதில் கலந்திருந்தாலும் கலவையின் மொத்த எடையையும் கணக்கில் எடுக்கலாம் என்று ஹீரா சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2020-இல் தீர்ப்பளித்திருக்கிறது. வண்டியும் பறிமுதலாகும், தனக்குத் தெரியாமல் நடந்தது என்று ஓனர் நிரூபித்தால்தான் மீளும்.

கனடாவிலிருந்து மகன் கொண்டுவரும், கஞ்சா கலந்த ‘கம்மி’ மிட்டாயும், பாங்காக் போய்வந்தவர் பெட்டியில் இருக்கும் பொட்டலமும் இதே கணக்குதான். அங்கே டாக்டர் கொடுத்த சீட்டு இங்கே விமான நிலையத்தில் செல்லாது.

தெரியாமல் மாட்டிக்கொண்டவருக்கும் உரிமை உண்டு. உடம்பைச் சோதனை போடும் முன், கெஜட்டட் அதிகாரி அல்லது மாஜிஸ்திரேட் முன்னிலையில் செய்யும்படி கேட்கலாம் என்பதை அவர்களே உங்களுக்குச் சொல்ல வேண்டும். இது போதைப்பொருள் சட்டத்தின் 50-ஆம் பிரிவு. அதிகாரியிடம் எழுதிக் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம் சாட்சியமாகாது என்று தோஃபான் சிங் எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில் 2020 அக்டோபரில் தீர்ப்பு வந்தது. வக்கீல் வைக்க வசதியில்லையென்றால் 15100-க்கு அழைத்தால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு உதவும். காவலில் இருப்பவருக்கு இலவசம். வலிக்கென்று தொடங்கிப் பழக்கமாகிவிட்டவர் தானாக முன்வந்து அங்கீகரிக்கப்பட்ட மருத்துவமனையில் சிகிச்சைக்குச் சேர்ந்தால், சிறிய அளவு வழக்கிலிருந்து 64ஏ பிரிவு விலக்கு தருகிறது.

பணம் கட்டிப் பார்சல் வராமல் போனாலோ, வந்தது போலி என்றாலோ, அன்றைக்கே சைபர் குற்ற உதவி எண்ணான 1930-க்குப் போன் போடுங்கள். தாமதிக்கத் தாமதிக்கப் பணம் கை மாறிவிடும். நுகர்வோர் ஆணையத்தில் இரண்டு ஆண்டுக்குள் வழக்குப் போடலாம். விற்றவர் டெல்லியில் இருந்தாலும் நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே போடலாம், ஐந்து லட்சம் வரை கட்டணமும் இல்லை. புற்றுநோயும் வலிப்பும் குணமாகும் என்று விளம்பரம் செய்வதே 1954-ஆம் ஆண்டின் மாய மருந்து விளம்பரச் சட்டப்படி குற்றம். அந்த விளம்பரத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். வாங்கியவர்கள் வெட்கத்தில் புகார் தருவதில்லை. அதைத் தெரிந்துகொண்டு ‘உங்க பேர்ல போதைப் பார்சல் மாட்டிருக்கு, போலீஸ் பேசறோம்’ என்று இன்னொருவன் மிரட்டிப் பணம் கறப்பதும் நடக்கும். வீடியோ காலில் கைது என்று ஒன்று இந்தியச் சட்டத்தில் கிடையாது. போனை வையுங்கள்.

வலிதான் பிரச்சினை என்றால், கஞ்சாவைவிடப் பல மடங்கு நிரூபணமான மருந்து இதே போதைப்பொருள் சட்டத்துக்குள் முறையாகக் கிடைக்கிறது: மார்ஃபின். அபினியிலிருந்து வருவதால் முன்பு ஏகப்பட்ட லைசென்ஸ் கெடுபிடி. 2014-இல் சட்டத்தைத் திருத்தி, மார்ஃபின் உட்பட ஆறு மருந்துகளை அத்தியாவசிய மருந்துகளாக்கினார்கள். அங்கீகாரம் பெற்ற மருத்துவமனை வைத்துக் கொடுக்கலாம். 2021 ஆகஸ்ட் 5 அன்று, பழைய சேலம் மாவட்டத்துக்குள் இருந்த கிருஷ்ணகிரியின் சாமனப்பள்ளியில் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ அரசுத் திட்டத்தில், படுத்த படுக்கையாக இருப்பவரை வீட்டில் வந்து பார்க்கும் வலி தணிப்பு நர்ஸும் உண்டு. உங்கள் ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்தில் ‘பாலியேட்டிவ் நர்ஸ் வரணும்ங்க’ என்று பெயர் கொடுத்துவிட்டு வாருங்கள். மார்ஃபின் எழுதிக் கொடுத்தால், வலி வந்த பிறகு போடுவதா, நேரப்படி போடுவதா என்று டாக்டரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். சாதாரண மாத்திரை வேலை செய்வது சுமார் நான்கு மணி நேரம்தான். மலச்சிக்கல் பெரும்பாலும் வரும். அதற்கும் ஒரு மாத்திரை சேர்த்து எழுதச் சொல்லுங்கள்.