பேனல் போச்சா?

எல்சிடி தொலைக்காட்சியின் பேனல் தானாக ஒளிர்வதில்லை. பின்னால் எரியும் விளக்கின் ஒளியை, இரு கண்ணாடிகளுக்கு நடுவே உள்ள திரவப் படிகம் புள்ளி புள்ளியாக மறைத்தும் விட்டும் படமாக்குகிறது. இந்தப் பொருளின் விந்தையை ஆஸ்திரியாவின் ஃபிரீட்ரிச் ரைனிட்சர் கண்டது 1888இல். அதே ஆண்டு நவம்பர் 7 அன்று, ஸ்ரீரங்கத்தை ஒட்டிய திருவானைக்காவலில் சி.வி. ராமன் பிறந்தார். அவருடைய சகோதரி மகன் எஸ். சந்திரசேகர், வட்டு வடிவ மூலக்கூறுகளாலும் திரவப் படிகம் அமையும் என்று 1977இல் பெங்களூரு ராமன் ஆய்வு நிறுவனத்திலிருந்து காட்டினார். பக்கவாட்டில் பார்த்தாலும் படம் வெளிறாதிருக்கச் சில எல்சிடி திரைகளில் ஒட்டும் படலம் அந்த வகை மூலக்கூறுகளால் ஆனது.

பழுது என்று வந்துவிட்டால் இத்தனை நுட்பமும் ‘பேனல் போச்சு’ என்ற இரண்டு சொல்லில் முடிந்துவிடுகிறது. பல நேரம் அது அவசரத் தீர்ப்பு.

சத்தம் கேட்கிறது, திரை மட்டும் இருட்டு என்றால் அறை விளக்கை அணைத்துவிட்டு டார்ச்சைத் திரைக்கு நெருக்கமாகச் சாய்த்துப் பிடிக்க வேண்டும். ஆள் உருவமோ சேனல் பெயரோ மங்கலாகத் தெரிந்தால் பேனல் பிழைத்திருக்கிறது, பழுது பேக்லைட்டில், அதாவது பின்னால் எரியும் விளக்கில். எல்இடிகள் தொடராக இணைக்கப்பட்டிருப்பதால் ஒன்று அறுந்தாலும் அந்த வரிசையே அணையும். எல்இடி மேல் ஒட்டிய சிறு லென்ஸ், பசை காய்ந்து உதிர்ந்தால் திரையில் வெள்ளைப் பொட்டு விழும். எல்இடி பட்டையை மாற்றுவது எளிது, அதை எட்டுவதுதான் பாடு. ஒன்றிரண்டு மில்லிமீட்டர் தடிமனே உள்ள பேனலை இருவர் சேர்ந்து தூக்காவிட்டால் நல்ல பேனலும் கையிலேயே விரிசல் விடும்.

பாதிப் படம், மாறிப்போன வண்ணம் என்றால் முதல் சந்தேகம் படத்தைப் பேனலுக்குப் பிரித்து அனுப்பும் டி-கான் போர்டின் மீது. காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவே இருக்கும் ஸ்ரீரங்கம் போன்ற ஊரில், மழைக்காலத்து ஈரம் அந்தப் போர்டின் ரிப்பன் கேபிள் முனைகளில் பூசணம்போல் படிந்து இணைப்பைக் கெடுக்கலாம். கேபிளைக் கழற்றி, ஐசோபுரொபைல் ஆல்கஹாலில் துடைத்து மீண்டும் செருகுவதே சில நேரம் போதும்.

கோடு விழுவது வேறு கதை. 1920 × 1080 திரையில் சிவப்பு, பச்சை, நீலம் சேர்த்து நிமிர்ந்த வரிசைகள் மட்டும் 5,760. இவற்றுக்கான இணைப்புகள் கண்ணாடி விளிம்பில் ஒட்டிய மெல்லிய பிலிம்கள் வழியே வருகின்றன. ஓர் இணைப்பு விட்டால் மேலிருந்து கீழாக ஒரு கோடு. விளிம்பை மெல்ல அழுத்தும்போது கோடு மறைந்து, விரலை எடுத்ததும் திரும்பினால் ஒட்டு விட்டிருக்கிறது. அதற்கு வெப்பமும் அழுத்தமும் அளந்து தரும் பாண்டிங் இயந்திரம் வேண்டும். சால்டரிங் அயர்ன் உதவாது. உள்ளே ரப்பர் துண்டு செருகுவது தற்காலிக வைத்தியம்தான். சிலந்திவலை போல விரிந்த கரும்பிளவுக்கு எந்த வைத்தியமும் இல்லை. புதுப் பேனலின் விலை பெரும்பாலும் புது டிவியை நெருங்கிவிடும்.

மூடியைத் திறப்பவர்கள் ஒன்றை மறக்கக் கூடாது. பிளக்கைப் பிடுங்கிய பிறகும் பவர் போர்டின் பெரிய கெப்பாசிட்டரில் 300 வோல்ட்டுக்கு மேல் தங்கியிருக்கக்கூடும். மல்டிமீட்டரில் அளக்காமல் அதில் கை வைக்க வேண்டாம்.

எல்இடிக்கு முந்தைய எல்சிடி செட்களின் பேக்லைட் குழல்களில் பாதரசம் உண்டு. தொலைக்காட்சியும் அடங்கும் மின்கழிவு மேலாண்மை விதிகள் 2023 ஏப்ரல் 1 முதல் நடப்பில் உள்ளன. உடைந்த செட்டை ஆற்றங்கரையிலோ குப்பைத் தொட்டியிலோ போடாமல், பதிவுபெற்ற மின்கழிவு மறுசுழற்சியாளரிடம் சேர்க்க வேண்டும்.