பதவி கிடைத்தது, மறுபடியும் ஓட்டுக் கேட்க வந்தார்!



இடைத்தேர்தல் என்றதும் கோலசிலாங்கூர் வட்டாரத்தில் இருப்பவர்களுக்கு ஈஜோக் நினைவுக்கு வரும். அது 2007இல் நடந்தது. பிறகு 2010இல் உலு சிலாங்கூர், 2024இல் கோல குபு பாரு. மூன்றுமே உறுப்பினர் மறைந்ததால் வந்தவை. உறுப்பினர் நலமாக இருக்கும்போதே, அமைச்சர் பதவி கிடைத்த ஒரே காரணத்துக்காக இடைத்தேர்தல் நடந்த காலமும் உண்டு. கேள்விப்பட்டிருக்கிறீர்களா?

நம் தோட்டத்துத் தொழிற்சங்கத் தலைவரை நிர்வாகம் திடீரென்று கிராணியாக்கிச் சம்பளம் கொடுத்தால் என்ன கேட்போம்? "இனி இவர் நம்மவரா, துரையின் ஆளா?" என்றுதானே? இதே ஐயம் இங்கிலாந்து மக்களுக்கும் வந்தது. அரசர் பதவி கொடுத்து உறுப்பினர்களை வளைத்துப் போடுவார் என்று அஞ்சினார்கள். ஆகவே, அமைச்சராகிறவர் தம் இடத்தை விட்டுவிட்டு, தொகுதி மக்களிடம் மறுபடியும் ஓட்டுக் கேட்க வேண்டும் என்று 18ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்திலேயே சட்டம் செய்தார்கள். ஆஸ்திரேலியக் குடியேற்றங்களிலும் இந்த வழக்கம் இருந்தது.

இதில் அடிபட்டவர்களில் ஒருவர் வின்ஸ்டன் சர்ச்சில். நம் பாட்டன்மார் மலாயாவில் பால்மரம் நட்டுக்கொண்டிருந்த நாளில், மலாயா விவகாரங்களையும் கவனித்த குடியேற்ற நாட்டு இலாகாவில் துணை அமைச்சராக இருந்தவர் அவர். 1908 ஏப்ரலில் வாணிப அமைச்சரானார். உடனே மான்செஸ்டர் வடமேற்குத் தொகுதி மக்கள் முன் போய் நின்றார். 429 ஓட்டில் தோற்றார்! பதினைந்தே நாளில், சணல் ஆலைகள் நிறைந்த டண்டீ நகரில் நின்று வென்ற பிறகுதான் மூச்சு வந்தது.

வீண் செலவு, வீண் தொல்லை என்று 1926இல் பிரிட்டன் இந்தச் சட்டத்தை அறவே நீக்கிவிட்டது. அதனால் 1955 ஜூலையில் மலாயாவில் முதல் பொதுத்தேர்தல் நடந்து, சம்பந்தன் தொழிலாளர் அமைச்சரானபோது அவர் மீண்டும் மக்களிடம் வர வேண்டியிருக்கவில்லை. வந்திருந்தாலும் நம்மில் எத்தனை பேர் ஓட்டுப் போட்டிருக்க முடியும்? பதிவான வாக்காளரில் இந்தியர் நூற்றுக்கு ஐந்து பேர்கூட இல்லை. பால் வெட்டியவர்களில் மிகப் பலருக்குக் குடியுரிமையே கிடையாது.

இன்று தேர்தலில் நிற்காதவரையும் மேலவை உறுப்பினராக்கி அமைச்சராக்கலாம். பழைய சட்டம் திரும்பப் போவதில்லை. ஆனால் அதன் கேள்வி நம்முடையது: "பதவிக்கு வந்த பிறகு நீங்கள் யார் பக்கம்?"

அதைக் கேட்கும் பலம் ஓட்டில்தான் இருக்கிறது. 2021 டிசம்பர் முதல் 18 வயதானவர்களின் பெயர் தானாகவே வாக்காளர் பட்டியலில் சேர்கிறது. தோட்டத்தை விட்டுப் பட்டணம் போன பிள்ளைகளின் அடையாள அட்டையில் எந்த முகவரி இருக்கிறது? இன்றிரவு சாப்பாட்டுக்குப் பிறகு எடுத்துப் பாருங்களேன்.