வெண்கலக் குரலும் வெள்ளைப் புடவையும்

காவேரிக்கு ஒரு கரையில் நாமக்கல் சீமை. மறு கரையில் கொடுமுடி. சிவன், திருமால், பிரமன் ஆகிய மூவரும் ஒரே கோயிலில் எழுந்தருளியிருக்கும் தலம் அது. சுந்தரமூர்த்தி நாயனார் நமச்சிவாயப் பதிகம் பாடியதும் அங்கேதான். ஆகவே, கொடுமுடிக்கும் பாட்டுக்கும் உள்ள உறவு நேற்று ஏற்பட்டதன்று. ஆயினும் இருபதாம் நூற்றாண்டில் அந்த ஊரின் பெயரைப் பட்டி தொட்டிகளில் எல்லாம் பரப்பியவர், 1908-ஆம் வருஷம் அக்டோபர் மாதம் பாலாம்பாள் என்னும் ஏழைத் தாயின் வயிற்றில் பிறந்த ஒரு பெண்மணி. ஊரின் பெயரையும் தாயின் பெயரையும் தம் பெயருக்கு முன்னால் தாங்கிக்கொண்ட அவரே ஸ்ரீமதி கே. பி. சுந்தராம்பாள்.

நம் தேசத்தில் ஒரு வழக்கம் இருந்தது. நல்ல காரியமாகப் புறப்படும்போது விதவை ஒருத்தி எதிரே வந்துவிட்டால், புறப்பட்டவர்கள் வீட்டுக்குள் திரும்பி, ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டுத்தான் மறுபடியும் வாசற்படி இறங்குவார்கள். அதே தேசத்தில், கோயில் திருவிழாவுக்கு ஒலிபெருக்கி கட்டியதும் முதன்முதலாக எழுந்த குரல் பல ஊர்களில் சுந்தராம்பாளின் குரல்தான். இருபத்தைந்து வயதில் கணவனை இழந்த ஒரு பெண்ணின் குரலையே மங்கல ஒலியாகக் கேட்டுக்கொண்டு ஜனங்கள் கண் விழித்தார்கள். இந்த அதிசயம் எப்படி நிகழ்ந்தது? அதைத்தான் இங்கே நேயர்களுக்குச் சொல்ல எண்ணுகிறோம்.

ரயில் வண்டியே மேடை

வறுமைக்கும் சங்கீதத்துக்கும் என்ன சிநேகமோ, தெரியவில்லை. ஈரோட்டிலிருந்து திருச்சிக்குப் போகும் ரயில் பாதை கொடுமுடி வழியாகச் செல்கிறது. சிறு வயதில் சுந்தராம்பாள் ரயிலில் பாடிப் பிரயாணிகள் கொடுத்த காசைக் கொண்டுபோய்த் தாயாரிடம் கொடுத்து வந்தார் என்று அவருடைய சரித்திரத்தை எழுதியவர்கள் கூறுகிறார்கள். ஓடுகிற ரயிலின் சத்தத்தையும், வியாபாரிகளின் கூச்சலையும், குழந்தைகளின் அழுகையையும் மீறிப் பாடினால்தான் காசு விழும். இதைவிடக் கடுமையான குரல் பயிற்சியை எந்தக் குருகுலத்திலும் கொடுத்திருக்க மாட்டார்கள்!

தென்னிந்திய ரயில்வேயில் உத்தியோகம் பார்த்துக்கொண்டே நாடகக் கலைக்கும் தொண்டு செய்தவர் திருச்சி எப். ஜி. நடேசய்யர். அவருடைய காதில் அந்தக் குரல் விழுந்தது. அதன் பயனாகச் சிறுமி வேலு நாயர் நாடகக் கம்பெனிக்குப் போய்ச் சேர்ந்தாள். 'நல்லதங்காள்' நாடகத்தில் பசியால் துடிக்கும் பிள்ளை வேஷம் கிடைத்தது. பசியைப் பற்றி அந்தக் குழந்தைக்கு ஒருவரும் சொல்லிக் கொடுக்க வேண்டியிருந்திராது.

ஒலிபெருக்கி இல்லாத காலம்

அக்காலத்து நாடக மேடையை இன்றைய நேயர்கள் மனக்கண்ணால் பார்க்க வேண்டும். சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிய 'வள்ளி திருமணம்', 'பவளக்கொடி', 'சத்தியவான் சாவித்திரி' முதலிய நாடகங்களைத் தமிழ்நாடு முழுவதும் ஆடிக்கொண்டிருந்தார்கள். 'ஸ்பெஷல் நாடகம்' என்று ஒரு முறை இருந்தது. ராஜபார்ட்டு ஓர் ஊரிலிருந்து வருவார். ஸ்திரீபார்ட்டு வேறோர் ஊரிலிருந்து வருவார். ஆர்மோனியக்காரர் மற்றோர் ஊர். ஒத்திகை என்பது கிடையாது. இரவு பத்து மணிக்குத் திரை தூக்கினால் பொழுது விடியும்வரை பாட்டும் தர்க்கமும் நடக்கும். மேடையிலேயே ஒருவரை ஒருவர் பாட்டால் மடக்க வேண்டும். தோற்றவருக்கு அடுத்த ஊரில் மதிப்பு இராது.

மைக் என்பதைக் கண்டறியாத காலம் அது. கொட்டகையின் கடைசி வரிசையில் மண் தரையில் உட்கார்ந்திருப்பவனும் காலணா கொடுத்தவன்தான். அவனுக்கும் பாட்டுக் கேட்டாக வேண்டும். ஆகவே மேல் ஸ்தாயியில் நின்று விளையாடும் சாரீரம் உள்ளவர்களே மேடையை ஆண்டார்கள். அவர்களில் தலைசிறந்தவர் செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பா. பெண்களில் அவருக்கு ஈடு கொடுக்கக்கூடியவராகச் சுந்தராம்பாள் வளர்ந்து வந்தார். 1926-ல் இவ்விருவரையும் ஒரே மேடையில் நிறுத்திய பெருமை கொழும்பு நகரைச் சேர்ந்தது. இலங்கைத் தமிழர்கள் கைதட்டிய சத்தம் கடல் கடந்து தமிழ்நாட்டுக்குக் கேட்டது என்றே சொல்லலாம். அடுத்த வருஷம் இருவரும் தம்பதிகளானார்கள்.

'வள்ளி திருமண'த்தில் அவர்கள் சேர்ந்து தோன்றினால் ஊரே திரண்டது. ஆனால் வாழ்க்கை நாடகம் அவ்வளவு இன்பமாக நடக்கவில்லை. கிட்டப்பாவுக்கு முன்பே ஒரு மனைவி இருந்தார். சுந்தராம்பாளுக்குப் பிறந்த குழந்தை தங்கவில்லை. மனஸ்தாபங்களும் பிரிவும் நேர்ந்தன. கிட்டப்பாவின் உடல்நிலையும் கெட்டது. 1933-ஆம் வருஷம் டிசம்பர் 2-ஆம் தேதி, இருபத்தேழே வயதில், அந்த ஒப்பற்ற கந்தர்வ கானம் ஓய்ந்தது.

ஒரு விரதம்

சுந்தராம்பாள் நகைகளைக் கழற்றினார். வெள்ளைக் கதர்ப் புடவை, நெற்றி நிறைய விபூதி, கழுத்தில் ருத்திராட்சம். கடைசிவரை அவருடைய கோலம் இதுதான். எந்த ஆணுக்கும் ஜோடியாக இனி நடிப்பதில்லை என்றும் உறுதி செய்துகொண்டார்.

இந்த இடத்தில் நாம் சற்று நின்று யோசிக்க வேண்டும். இருபத்தைந்து வயதுப் பெண் எல்லாவற்றையும் துறந்துவிட்டாள் என்று கேட்டால், நம்மவர்கள் உடனே கண்ணீர் விட்டுக் கைகூப்புவார்கள். மனைவியை இழந்த எந்த நடிகராவது இப்படி ஒரு விரதம் எடுத்துக்கொள்ள வேண்டும் என்று யாரேனும் எதிர்பார்த்ததுண்டா? இல்லை. ஆகையால் துறவுக்காக மட்டும் அம்மையாரைப் புகழ நமக்கு மனம் வரவில்லை. அந்தத் துறவை அவர் என்ன செய்தார் என்பதே முக்கியம். கணவனை இழந்த பெண்ணுக்கு மூலையைக் காட்டுவது உலக வழக்கம். நாடகக்காரி என்றால் அந்த உலகம் முன்பே முகம் சுளித்தது. இவ்விரண்டு தடைகளுக்கும் நடுவே நின்று, "நான் மேடையை விட்டுப் போகமாட்டேன், ஆனால் இனி என் நிபந்தனைப்படிதான் மேடை ஏறுவேன்" என்று தம் செய்கையினாலேயே சொன்னவர் சுந்தராம்பாள். வெள்ளைப் புடவை அவரை வீட்டுக்குள் அடைக்கவில்லை. வெளியே போவதற்கு அதுவே அவருக்குக் கவசமாயிற்று.

லட்ச ரூபாய் நந்தனார்

அப்போது தமிழ்நாட்டில் பேசும் படம் வந்து நாலைந்து வருஷந்தான் ஆகியிருந்தது. நாடகக் கொட்டகைகள் சினிமாக் கொட்டகைகளாக மாறிக்கொண்டிருந்தன. சேலத்தில் டி. ஆர். சுந்தரம் மாடர்ன் தியேட்டர்ஸை ஸ்தாபித்தது 1935-ல். அதே வருஷத்தில்தான் சுந்தராம்பாள் நடித்த முதல் படமாகிய 'பக்த நந்தனார்' வெளிவந்தது.

படத்தை எடுத்தவர் அசன்தாஸ் என்னும் முதலாளி. அவர் வந்து கேட்டபோது அம்மையாருக்குச் சினிமாவில் இஷ்டமில்லை. "ஒரு லட்சம் ரூபாய் கேட்டால் தாமே ஓடிப்போய்விடுவார்" என்று நினைத்து அந்தத் தொகையைச் சொன்னாராம். முதலாளி ஓடவில்லை, ஒப்புக்கொண்டுவிட்டார்! அந்நாளில் லட்ச ரூபாய் என்பது ஜமீன்தார்களும் மூச்சை அடக்கிக்கொண்டு கேட்கும் தொகை. ரயிலில் காலணாவுக்கும் அரையணாவுக்கும் பாடிய குரலுக்கு ஏறக்குறைய இருபது வருஷத்தில் ஏற்பட்ட விலை இது.

பணத்தைவிட வேஷமே ருசிகரமானது. சுந்தராம்பாள் நந்தனாராகவே, அதாவது ஆண் வேஷத்திலேயே நடித்தார். வேதியர் வேஷம் தரித்தவர் சங்கீத வித்வான் மகாராஜபுரம் விசுவநாதய்யர். பாய்ஸ் கம்பெனிகளில் ஆண்பிள்ளைகள் புடவை கட்டிக்கொண்டு பெண்ணாக நடித்த நாட்டில், ஒரு பெண் ஆணாக நின்று, தீண்டாமையின் கொடுமையை உருகி உருகிப் பாடினார். ஆணுக்கு ஜோடியாக நடிப்பதில்லை என்ற விரதமும் கெடவில்லை. 1940-ல் வந்த 'மணிமேகலை'யிலும் இப்படியே. அரசகுமாரனை வேண்டாமென்று ஒதுக்கி அறத்தை நாடிய பெண்ணின் கதை அது.

கதரும் தங்கத் தட்டும்

அம்மையாரின் உடம்பில் இருந்தது வெறும் வெள்ளைத் துணியன்று, கதர் என்பதை நேயர்கள் கவனிக்க வேண்டும். திருச்செங்கோட்டுக்கு அருகில் புதுப்பாளையத்தில் ராஜாஜி 1925-ல் காந்தி ஆசிரமம் அமைத்துக் கதர் இயக்கத்தை நடத்தினார். 1930-ல் வேதாரணியத்துக்கு உப்புச் சத்தியாக்கிரகிகள் பாடிக்கொண்டே நடந்த பாட்டை இயற்றியவர் நாமக்கல் ராமலிங்கம் பிள்ளை. காவேரிக்கு அந்தக் கரையில் ராட்டையும் கவிதையும் செய்த தொண்டை, இந்தக் கரையில் பிறந்த குரல் மேடையில் செய்தது.

அந்நாளைய நாடக மேடை தேசீயத்துக்கு ஒரு பெரிய ஆயுதசாலை. தினைப்புனத்தில் வள்ளி பறவை ஓட்டுவாள். பறக்கும் வெள்ளைக் கொக்கு யாரென்று சபையில் உள்ளவர்களுக்குத் தெரியும். வாசலில் நிற்கும் போலீஸ்காரருக்கும் தெரியும்! காந்தியடிகளைப் பற்றிச் சுந்தராம்பாள் பாடிய பாட்டுக்கள் கிராமபோன் தட்டுக்களில் ஏறின. 1931-ல் பண்டித மோதிலால் நேரு காலமானபோது பாடிய இரங்கல் பாட்டும் அப்படியே. எழுத்துத் தெரியாதவர்களுக்கு அந்தத் தட்டுக்கள்தாம் பத்திரிகை. தீரர் சத்தியமூர்த்தி இந்தக் குரலின் சக்தியை நன்றாக உணர்ந்திருந்தார். 1937-ஆம் வருஷத் தேர்தலில் காங்கிரஸ் மேடைகளில் முதலில் சுந்தராம்பாளின் பாட்டு, பிறகுதான் பிரசங்கம். கூட்டம் எதற்காக வந்தது என்பதைப் பிரசங்கிகளே அறிவார்கள்.

கொங்கு நாட்டில் ஒரு கதை வழங்குகிறது. காந்தியடிகள் கொடுமுடியில் அம்மையாரின் இல்லத்துக்கு வந்தபோது தங்கத் தட்டில் உணவு படைத்தாராம். மகாத்மா சிரித்துக்கொண்டே, "சாப்பாடு மட்டுந்தானா? தட்டு எனக்கு இல்லையா?" என்று கேட்டாராம். உடனே தட்டும் தேசத் தொண்டுக்குப் போய்ச் சேர்ந்தது என்பது கதை. நகைகளைத் துறந்தவருக்குத் தட்டைத் துறப்பது பெரிய காரியமாக இருந்திராது.

சுதந்திரம் வந்த பிறகு காங்கிரஸ் கட்சி அவரை மறக்கவில்லை. 1950-களில் சென்னைச் சட்ட மேலவையில் அவர் அங்கத்தினரானார். இந்தியாவில் சட்டசபைக்குள் அடியெடுத்து வைத்த முதல் சினிமாக் கலைஞர் அவரே என்பர். அவருக்குப் பின் அந்த வழியே சென்றவர்களில் சிலர் முதலமைச்சர்களாகவும் ஆனார்கள்.

ஔவைப் பாட்டி

1953-ல் எஸ். எஸ். வாசனின் ஜெமினி ஸ்தாபனம் 'ஔவையார்' படத்தை வெளியிட்டது. ஔவை வேண்ட, யானைக் கூட்டம் வந்து கோட்டையைத் தகர்க்கும் காட்சியைப் பார்க்க ஜனங்கள் வண்டி கட்டிக்கொண்டு வந்தார்கள். ஆனால் யானைகள் போன பிறகும் மனத்தில் நின்றது அந்தக் கிழவியின் குரல்தான். ஔவை யார் என்ற கேள்விக்குப் புலவர்கள் பல பதில் சொல்லக்கூடும். பாமர ஜனங்களுக்கு அன்றுமுதல் ஔவை என்றால் சுந்தராம்பாள்தான். அப்போது அம்மையாருக்கு வயது நாற்பத்தைந்துகூட நிரம்பவில்லை.

நாற்பது வயதானால் நடிகைகளை வீட்டுக்கு அனுப்பிவிடுவது சினிமா உலகத்தின் தர்மம். சுந்தராம்பாளுக்கோ வயது ஏற ஏற வேஷங்களும் ஏறின. 1964-ல் 'பூம்புகார்' படத்தில் கவுந்தியடிகள். அரசியலில் எதிர் முகாமைச் சேர்ந்த மு. கருணாநிதியின் வசனம் அது. காங்கிரஸ் பக்தையும் முருக பக்தையுமான அம்மையார் முதலில் தயங்கினார், பிறகு நடித்தார். 1965-ல் 'திருவிளையாடல்', 1967-ல் 'கந்தன் கருணை', 1973-ல் 'காரைக்கால் அம்மையார்'. இம்மூன்றையும் இயக்கியவர் ஏ. பி. நாகராஜன், சேலம் ஜில்லாவில் சங்ககிரி பக்கத்து அக்கம்மாபேட்டைக்காரர். கொடுமுடியின் குரலை அடுத்த தலைமுறைக்குக் கொண்டு சேர்த்தவர், காவேரிக்கு மறுகரைச் சீமையில் பிறந்தவராக அமைந்தது பொருத்தமே.

1969-ல் வந்த 'துணைவன்' படத்தில் பாடியதற்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்குரிய தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. அறுபது வயதில், இளம் பாடகிகள் எத்தனையோ பேர் இருக்க, அந்தப் பரிசு பழைய கொட்டகைக் குரலைத் தேடி வந்தது. 1970-ல் பத்மஸ்ரீ பட்டம் பெற்றார். 1980-ஆம் வருஷம் செப்டம்பர் மாதம் காலமானார்.

கிட்டப்பாவோடு வாழ்ந்தது ஏறக்குறைய ஆறு வருஷம். அதன் பிறகு தனித்து வாழ்ந்தது நாற்பத்தாறு வருஷம். அந்த விரதத்தினால் தமிழ் நாடக மேடை தன் வள்ளியை இழந்தது உண்மைதான். காதல் பாட்டைப் பாடுவதற்கென்றே அமைந்த ஒரு குரலை, காதல் பாட்டுக்கு நாம் அதிக காலம் கேட்கவில்லை. அந்த நஷ்டத்தை மறைப்பதில் பயனில்லை. ஆனால் அதற்கு ஈடாகத் தமிழ்ப் பெண்களுக்கு ஒன்று கிடைத்தது. அழகும் இளமையும் ஜோடியும் இல்லாமலே ஒரு பெண் மேடையின் நடுவே நிற்கலாம். தன் தொழிலுக்குத் தானே விலை சொல்லலாம். சொன்ன விலையைப் பெறவும் செய்யலாம். தங்கள் வீட்டுப் பெண் ஒரு கலையை நாடும்போது, "கல்யாணம் ஆகும்வரையில்தானே!" என்று சொல்லும் பெற்றோர்கள் கொடுமுடி அம்மையாரின் சரித்திரத்தை ஒரு முறை நினைத்துப் பார்ப்பார்களாக.